காலை பத்து மணிக் காட்சி

பேக்கப், லங்காஷயர்
திங்கள், 6 மார்ச் 1933

அன்புள்ள அல்மாவுக்கு,

உன் படம் நம் ஊருக்கு வருகிறது. 'வாடகைக்கு ஒரு மாமா', மெஜஸ்டிக் கொட்டகையில், இம்மாதம் 20 திங்கள் முதல் 22 புதன் வரை மூன்று நாள். யாரும் சொல்லிக் கேள்விப்பட்டதல்ல. மேலாளர் ஹாரக்ஸின் மேசைமேல் இருந்த பதிவுத் தாளில் என் கண்ணால் பார்த்தேன். நடிப்பவர்கள் வரிசையில் மூன்றாவதாக 'செலியா ட்ரென்ட்' என்று அச்சாகியிருந்தது. அது என் தங்கை என்று ஹாரக்ஸுக்குத் தெரியாது. நீ கேட்டுக்கொண்டபடி நானும் சொல்லவில்லை.

இருபத்தாறு வருடமாக இந்த ஊர் வாரப் பத்திரிகைக்குச் செய்தி எழுதுகிறேன். நகரமன்றக் கூட்டம், தீ விபத்து, பாண்டு வாத்தியப் போட்டி என்று எல்லாம் எழுதியாயிற்று. நம் வீட்டுச் சங்கதி ஒன்று ஊர்ச் சங்கதியாவது இதுதான் முதல் முறை. அதை எழுத முடியாமல் இருப்பது கொஞ்சம் கஷ்டமாகத்தான் இருக்கிறது.

இங்கே மலையில் இன்னும் பனி உருகவில்லை. உன் அண்ணி ஹெட்டிக்கு இருமல் விட்டுவிட்டது. தினமும் வேலைக்குப் போய் வருகிறாள். உனக்கு அந்த வாடகை அறையில் கணப்பு சரியாக எரிகிறதா என்று கேட்கச் சொன்னாள்.

தெரியாமல் இருப்பது ஒன்றுதான்: எந்தக் காட்சி, எத்தனை மணிக்கு என்பது. 17ஆம் தேதி வெள்ளிக்கிழமை முடிவு செய்வதாக ஹாரக்ஸ் சொன்னார்.

உன் அண்ணன்
வில்ஃபிரட்

*

லண்டன், ஹாமர்ஸ்மித்
10 மார்ச்

அன்புள்ள அண்ணனுக்கு,

நான் சுகம். கணப்பு எரிகிறது, ஆனால் வீட்டுக்கார அம்மாள் மிசஸ் டாப் அதன் முன்னால் தன் பூனைக்கு முதலிடம் கொடுத்திருக்கிறாள். அண்ணி இருமல் போனதில் நிம்மதி.

உங்கள் கடிதத்தை இரண்டு முறை படித்தேன். இதுவரை மூன்று படம் நடித்திருக்கிறேன். மூன்றையும் யாராவது பார்த்தார்களா என்று எனக்குத் தெரியாது. எங்கள் பிரைரி ஸ்டுடியோவில் ஒரு படத்தைப் பன்னிரண்டு நாளில் முடித்துவிடுவார்கள். பக்கத்திலேயே ரயில் பாதை. ரயில் வந்தால் நிறுத்துவோம், போனால் பேசுவோம். டைரக்டர் மிஸ்டர் க்ரேல் முதல் நாளே சொல்லிவிட்டார்: "கீழே விழுந்தா விழுந்த இடத்திலேயே பேசி முடிச்சுடு கண்ணு. ரெண்டாம் தடவை எடுக்க இங்கே ஃபிலிம் கிடையாது."

இதை உங்களிடம் மட்டும் சொல்கிறேன். என் ஒப்பந்தம் ஜூன் 30ஆம் தேதி முடிகிறது. இன்னும் ஒரு வருடம் வைத்துக்கொள்வதும் வைத்துக்கொள்ளாததும் அவர்கள் இஷ்டம். கொட்டகைக்காரர்கள் படம் எப்படிப் போனது என்று ஒரு அட்டையில் எழுதி அனுப்புவார்கள். அதைப் பார்த்துத்தான் முடிவு செய்வார்களாம். அட்டைகளை அடுக்கி வைக்கும் மிஸ்டர் லூகஸைக் கேட்டேன். என் பெயர் உள்ள படங்களுக்கு இதுவரை ஒரு அட்டைகூட வரவில்லை என்கிறார்.

அதனால்தான் கேட்கிறேன். போய்ப் பாருங்கள். எங்கே சிரித்தார்கள், எங்கே இருமினார்கள், எங்கே எழுந்து போனார்கள் என்று எழுதுங்கள். என் மனம் நோகுமே என்று பார்க்க வேண்டாம். நகரமன்றத் தலைவர் தூங்கியதையே தேதி போட்டு எழுதியவர் நீங்கள்.

உங்கள்
அல்மா

*

பேக்கப்
வியாழன், 23 மார்ச்

அன்புள்ள அல்மா,

உன் படம் திட்டப்படி மூன்று நாளும் காட்டப்பட்டது. நேற்று நானே போய் முழுவதும் பார்த்தேன். திங்கள், செவ்வாய் விவரங்கள் ஹெட்டி தந்தவை. மூன்று நாளும் அவள் இருந்தாள்.

கேட்டபடி எழுதுகிறேன். கொட்டகையில் இருந்தவர்களில் ஒருவரும் பாதியில் எழுந்து போகவில்லை. கூச்சல் இல்லை. திருடன் ஜன்னல் வழியாக வரும் இடத்தில் சத்தமே இல்லை. மாமாவாக நடிப்பவர் மீசை கழன்று விழும் இடத்தில் யாரும் சிரிக்கவில்லை. நீ வாளியைத் தூக்கிக்கொண்டு மாடிப்படி ஏறும் இடத்தில் மூன்று நாளும் சிரித்தார்கள், புதனன்று மற்ற நாட்களைவிட அதிகமாக. உன் முகம் பெரிதாகத் தெரியும்போது ஒரு பெண் "நல்ல கண்ணு" என்றாள். உன் பேச்சு லண்டன் பெரிய வீட்டுப் பேச்சாக இருந்தது. எனக்குப் பழகக் கொஞ்ச நேரம் ஆயிற்று.

எனக்குத் தோன்றியதையும் கேட்பாய். நீ வரும்போது படம் விழித்துக்கொள்கிறது. நீ போனால் மறுபடி படுத்துக்கொள்கிறது.

ஹெட்டி சுகம். பக்கத்து வீட்டு ஆஷ்வொர்த்தின் நாய் குட்டி போட்டிருக்கிறது. ஹாரக்ஸ் அட்டை அனுப்புவாரா என்று கேட்டிருக்கிறேன், பதில் சொல்லவில்லை.

அன்புடன்
வில்ஃபிரட்

*

ஹாமர்ஸ்மித்
28 மார்ச்

அன்புள்ள அண்ணனுக்கு,

சுகம். உடம்புக்கு ஒன்றுமில்லை.

வாளி இடத்தில் சிரித்தார்கள் என்று எழுதியிருக்கிறீர்கள். ஐந்து நாளாக அதையே யோசிக்கிறேன். அங்கே சிரிப்பு எதுவும் எழுதி வைக்கப்படவில்லை. கதைப்படி நான் பணக்காரப் பெண், அப்பாவுக்குப் பயந்து வேலைக்காரியாக வேஷம் போட்டு அந்த வீட்டில் ஒளிந்திருக்கிறேன். வாளியைத் தூக்குகிறேன், மாடி ஏறுகிறேன், அவ்வளவுதான். மிஸ்டர் க்ரேல் சிரிக்கவில்லை. காமிராக்காரர் சிரிக்கவில்லை. இங்கே போட்டுப் பார்த்தபோது ஒருவரும் சிரிக்கவில்லை.

நேற்று மிசஸ் டாப்பின் வாளியைத் தூக்கி, அதே மாதிரி செய்து பார்த்தேன். அப்போதுதான் புரிந்தது. படியில் வாளியை வைத்துவிட்டு, குனியாமல், பாதத்தின் பக்கவாட்டால் ஒரு தள்ளு தள்ளி அடுத்த இடத்துக்கு நகர்த்துகிறேன். பிறந்ததிலிருந்து வாளியே தொடாத பெண் அப்படிச் செய்ய மாட்டாள். அது அண்ணி நம் வாசல்படி கழுவும்போது செய்வது. என்னை அறியாமல் வந்துவிட்டது.

தினமும் தரை துடைக்கிறவர்களுக்கு மட்டும்தான் அதைப் பார்த்ததும் சிரிப்பு வரும்.

எந்தக் கூட்டமானாலும் எத்தனை பேர் என்று தலையை எண்ணாமல் நீங்கள் எழுதியதே கிடையாது. இந்த முறை எண்ணிக்கை இல்லை. நேரமும் இல்லை. எத்தனை மணிக் காட்சி, அண்ணா? சிரித்தது யார்?

அல்மா

*

ஹாமர்ஸ்மித்
20 ஏப்ரல்

அன்புள்ள அண்ணனுக்கு,

ஈஸ்டர் வந்து போயிற்று. இங்கிருந்து அங்கே கடிதம் ஒரு நாளில் வந்துவிடும். மூன்று வாரம் ஆகிறது. நான் கேட்டது இரண்டே கேள்வி.

நான்காவது படம் தொடங்கிவிட்டது. அண்ணிக்கு என் அன்பு.

அல்மா

*

பேக்கப்
24 ஏப்ரல், திங்கக்கிழமை

அல்மா கண்ணு,

நான் ஹெட்டி. எனக்கு உங்க அண்ணன் மாதிரி எழுத வராது, பேசற மாதிரிதான் வரும். அவரு உனக்கு நாலு கடிதம் எழுதினாரு. நாலையும் கிழிச்சுக் கணப்புல போட்டாரு. "பொய் எழுத மாட்டேன், நிஜத்தையும் எழுத முடியல"ன்னாரு. "அப்ப பேனாவ இங்க குடு"ன்னேன். குடுத்துட்டு வெளியே போயிட்டாரு. உடம்புக்கு ஒண்ணுமில்ல, மூஞ்சிதான் தொங்கிப் போயிருக்கு.

படம் காலையில பத்து மணிக்குப் போட்டாங்க. அந்த நேரத்துக்கு யாரு வருவா? ஒவ்வொரு கொட்டகையும் இங்கிலாந்துப் படம் வருஷத்துக்கு இத்தனை அடி ஃபிலிம் ஓட்டியே ஆகணும்னு சட்டம். ராத்திரி அமெரிக்கப் படம் போட்டாத்தான் சனம் வரும். அதனால ஹாரக்ஸு காலையில நாங்க கூட்டிப் பெருக்கறப்ப இதை ஓட்டிட்டு, 'காட்சி நடந்தது'ன்னு பதிவேட்டுல எழுதிடுவாரு. உன் முந்தின ரெண்டு படமும் மான்செஸ்டர்ல அப்படித்தான் ஓடுச்சாம். ஆபரேட்டர் சொன்னாரு.

நாங்கன்னு சொன்னேன் பாரு. அது இன்னொரு விஷயம். கிறிஸ்துமஸுக்கு அப்புறம் செருப்பு ஆலையில எங்க பிரிவையே நிறுத்திட்டாங்க. ஜனவரியிலேர்ந்து நான் மெஜஸ்டிக்ல கூட்டறேன். நீ கவலைப்படுவேன்னு சொல்லல. உங்க அண்ணன் 'வேலைக்குப் போய் வருகிறாள்'னு எழுதிட்டு, பொய்யில்லையேன்னு என் முகத்தப் பார்த்தாரு.

சிரிச்சது நாங்க மூணு பேரு. நான், மிசஸ் டூலி, பக்கத்து வீட்டு பெக். நீ வாளியைக் காலால தள்ளினதும் டூலி துடைப்பத்தைக் கீழ போட்டுட்டா. "ஏய் ஹெட்டி, இந்தக் கோமான் வீட்டுப் பொண்ணு எந்த ஆலையில கூட்டினா?"ன்னா. நீ யாருன்னு அவகிட்ட நான் சொல்லல. மூணு நாளும் அந்த இடம் வந்ததும் வேலைய நிறுத்திட்டுப் பார்த்தோம். மத்தபடி நீ பேசறது மூக்கைப் பிடிச்சுக்கிட்டுப் பேசற மாதிரி இருக்கு. சொல்லிட்டேன், கோவிச்சுக்காத.

உங்க அண்ணன் மேல கோவப்படு. ஆனா ரொம்ப நாள் படாத. மனுஷன் சாப்பிட மாட்டேங்கிறாரு.

ஹெட்டி

*

ஹாமர்ஸ்மித்
29 ஏப்ரல்

அன்புள்ள அண்ணிக்கும் அண்ணனுக்கும்,

அண்ணியின் கடிதம் கிடைத்தது. வேலை போனதை நான்கு மாதம் மறைத்ததற்கு உங்கள் இருவர் மேலும் கோபம். காட்சி நேரத்தை மறைத்ததற்கு அண்ணன் மேல் மட்டும். அவர் எழுதிய வரிகளைத் திரும்பப் படித்தேன். ஒரு வரிகூடப் பொய் இல்லை. அதனால்தான் அதிகமாகக் கோபம் வருகிறது. "ஒருவரும் பாதியில் எழுந்து போகவில்லை." கூட்டி முடிக்காமல் எங்கே போவார்கள்?

நான் லூகஸிடம் கேட்டேன். அவர் முதலில் தன் சட்டைப் பொத்தானைப் பார்த்தார். பிறகு சொன்னார்: "உனக்குத் தெரியும்னு நினைச்சேன்மா. இங்கே எடுக்கறதே அடிக்கணக்குக்குத்தான். அமெரிக்கக் கம்பெனிக்குச் சட்டப்படி இங்கிலாந்துப் படம் இத்தனை அடி வேணும். வாங்கி வைச்சுக்குவாங்க. பார்க்கறதுக்கு இல்லை." "அப்ப அட்டை எப்படி வரும்?" என்றேன். "வராது" என்றார். "ஒண்ணு வந்தா?" என்றேன். "வந்தா முதலாளி படிப்பார். இதுவரை படிக்க ஒண்ணும் இல்லை" என்றார்.

ஆகவே எனக்கு ஒரு அட்டை வேண்டும். காலைக் காட்சிக்கு அட்டை எழுத மாட்டார்கள். ஒரே ஒரு மாலைக் காட்சி, பணம் கொடுத்து டிக்கெட் வாங்கிய சனம், அதற்கு ஹாரக்ஸ் கைப்பட எழுதிய அட்டை. ஜூன் மாதத்துக்குள். 'வாடகைக்கு ஒரு மாமா' மே 15ஆம் தேதி வாரம் மறுபடி மெஜஸ்டிக்குக்கு அனுப்பப்படுகிறது என்று இங்கே உள்ள அனுப்பும் பட்டியலில் பார்த்தேன். ஹாரக்ஸுக்குச் சட்டக் கணக்கில் அடி இன்னும் குறைகிறது போலிருக்கிறது.

ஊருக்கு வா என்று எழுத வேண்டாம். வர மாட்டேன்.

அல்மா

*

பேக்கப்
திங்கள், 8 மே

அன்புள்ள அல்மா,

ஹாரக்ஸ் மறுத்துவிட்டார். இன்று காலை பதினொன்றரை மணிக்கு அவர் அறையில், என்னிடம் நேராக.

உன்னிடம் மன்னிப்புக் கேட்க வேண்டும். கேட்கிறேன். நடந்ததை எழுதுவதும் நடந்ததில் பாதியை எழுதுவதும் ஒன்றல்ல என்று புது ஆட்களுக்கு நான் சொல்லிக் கொடுத்திருக்கிறேன். இனி உனக்கு முழுவதும் எழுதுவேன்.

பேச்சு இப்படி நடந்தது.

"வில்ஃப், உனக்குத் தெரியாததா? ராத்திரி இதைப் போட்டா நாற்காலியைப் பிடுங்கி என் தலைமேல போடுவாங்க."

"போட்டுப் பார்த்தீங்களா?"

"வலிக்குமான்னு தெரிஞ்சுக்கப் பல்லைப் பிடுங்கிப் பார்க்கணுமா? அதுசரி, இந்தப் படத்து மேல உனக்கு என்ன இவ்வளவு அக்கறை?"

நான் சொல்லவில்லை. வாரா வாரம் நம் பத்திரிகையில் அவர் விளம்பரம் வருகிறது என்பதை அவரும் சொல்லவில்லை. இருவருக்கும் அது தெரியும். காலைக் காட்சிகளைப் பற்றி எழுதலாமா என்று ஆசிரியரைக் கேட்டேன். "எழுதலாம், வேற பத்திரிகையில" என்றார்.

வீட்டில் வந்து சொன்னேன். ஹெட்டி உருளைக்கிழங்கு தோல் உரித்துக்கொண்டிருந்தாள். "கேட்கறவங்க கேட்டாச்சு. இனிமே கூட்டறவங்க பார்த்துக்கறோம்" என்றாள். மாலையில் டூலியும் பெக்கும் வந்தார்கள். என்னைத் தோட்டத்துக்கு அனுப்பிவிட்டார்கள்.

15ஆம் தேதி காலை பத்து மணிக்குப் படம் தொடங்குகிறது. நான் அங்கே இருப்பேன்.

வில்ஃபிரட்

*

பேக்கப்
வியாழன், 18 மே

அன்புள்ள அல்மா,

உன் படம் 25ஆம் தேதி வியாழன் மாலை ஏழேகால் மணிக் காட்சியாகப் போடப்படும். ஹாரக்ஸ் நேற்று மூன்று மணிக்கு, கொட்டகை வாசலில், மூன்று சாட்சிகள் முன்னால் சொன்னார். சாட்சிகள் ஹெட்டி, டூலி, பெக்.

திங்களன்று நடந்ததை நான் பக்கவாட்டுக் கதவருகில் நின்று பார்த்தேன். பத்து மணிக்குப் படம் ஓட ஆரம்பித்தது. மூவரும் துடைப்பத்தைச் சுவரில் சாத்தினார்கள். மேலங்கியைக் கழற்றி மடித்தார்கள். மாடிக்குப் போய் முதல் வரிசையில், விலை அதிகமான இடத்தில் உட்கார்ந்தார்கள். சனிக்கிழமைக் கூட்டத்தின் ஆரஞ்சுத் தோலும் கடலைத் தோடும் கீழே அப்படியே கிடந்தன. பத்தரைக்கு ஹாரக்ஸ் வந்தார்.

"என்ன இது, யாரு செத்துப்போனா?"

"மெதுவாப் பேசுங்க மிஸ்டர் ஹாரக்ஸ்" என்றாள் டூலி. "படம் ஓடுது."

"கூட்டுங்கம்மா. ரெண்டு மணிக்குச் சனம் வரும்."

ஹெட்டி திரும்பாமலே கேட்டாள்: "பதிவேட்டுல என்னன்னு எழுதறீங்க? காட்சின்னுதானே?"

"ஆமா."

"காட்சின்னா பார்க்க ஆளு வேணும். வந்திருக்கறது நாங்க மூணு பேருதான். பார்க்க வந்தவங்கள எந்தக் கொட்டகையிலயாவது கூட்டச் சொல்லுவாங்களா?"

"வேற ஆளைப் போடுவேன்."

"போடுங்க. அவங்களுக்கும் பத்து மணிக்குப் படம் போடுவீங்கல்ல? அவங்களுக்கும் கண்ணு இருக்கும்ல?"

"சட்டத்துக்காரங்க யாராவது வந்து கேட்டா, நாங்க உட்கார்ந்து பார்த்தோம்னு சத்தியம் பண்ணுவோம்" என்றாள் பெக். "உங்களுக்கு நல்லதுதானே செய்யறோம். ஆரஞ்சு விக்கிற பொண்ணு இன்னிக்கு வரலையா?"

படம் முடிந்தபோது அவர்கள் வேலை நேரத்தில் அரை மணிதான் மிச்சம். அதற்குள் முடிந்ததைக் கூட்டினார்கள். செவ்வாயும் அப்படியே. நேற்று மதியக் காட்சிக்கு வந்த பெண்களில் பதினொரு பேர் தரை அழுக்கு என்று முறையிட்டார்கள். ஒரு அம்மாள் கடலைத் தோட்டில் வழுக்கி ஹாரக்ஸின் கையைப் பிடித்துக்கொண்டே திட்டினாள். அவர் கைத்தடியை ஊன்றிக்கொண்டு வாசலுக்கு வந்தார். "ஒரே ஒரு ராத்திரி. உதை விழுந்தா உங்க மூணு பேரையும் முன்னால நிறுத்துவேன்" என்றார். "அட்டை?" என்றாள் ஹெட்டி. "எழுதறேன், ஆனா நடந்ததத்தான் எழுதுவேன்." "அதத்தான் கேக்கறோம்."

நீ இந்த ஊர்ப் பெண் என்று சுவரொட்டி போட்டால் கொட்டகை நிறையும். போடச் சொல்லட்டுமா? உன் பதில் திங்களுக்குள் வேண்டும். இங்கே எல்லோரும் சுகம். ஹெட்டி நன்றாகச் சாப்பிடுகிறாள், நானும்.

வில்ஃபிரட்

*

ஹாமர்ஸ்மித்
20 மே

அன்புள்ள அண்ணனுக்கு,

வேண்டாம். பேக்கப் என்ற சொல்லே சுவரொட்டியில் வரக்கூடாது. நம் பிள்ளை என்று கைதட்டினால் எனக்கு அது எதற்கும் உதவாது. செலியா ட்ரென்ட் யாரென்று தெரியாதவர்கள் பார்க்க வேண்டும்.

அண்ணியிடம் சொல்லுங்கள்: அவர் கடிதத்தில் மூக்கைப் பற்றி எழுதியது சரி. நான்காவது படத்தில் மிஸ்டர் க்ரேலிடம் கேட்டேன், என் குரலிலேயே பேசட்டுமா என்று. "எனக்கென்ன, ஒலி பதிஞ்சா சரி" என்றார். அப்படியே பேசி முடித்தேன். காமிராக்காரர் முதல் முறையாகத் தன் காமிராக் கூண்டின் கண்ணாடிக்குப் பின்னாலிருந்து தலையை வெளியே நீட்டிப் பார்த்தார்.

வெள்ளிக்கிழமைத் தபாலுக்குக் காத்திருப்பேன். டூலிக்கும் பெக்குக்கும் என் வணக்கம்.

அல்மா

*

பேக்கப்
வெள்ளி, 26 மே

அன்புள்ள அல்மா,

நேற்று மாலைக் காட்சிக்கு 438 பேர் வந்தார்கள். எண்ணிக்கை டிக்கெட் கட்டுகளைக் கொண்டு ஹாரக்ஸ் தந்தது, நானும் சரிபார்த்தேன். வழக்கமான வியாழக்கிழமையைவிட அறுபது குறைவு. காலைத் தபாலைப் பிடிக்க வேண்டும் என்பதால் நேராகச் சொல்கிறேன்.

முதல் அரை மணி மோசம். பின் வரிசை ஆண்கள் காலால் தட்டினார்கள். "இவங்க மாமாவ நாங்களே வாடகைக்கு எடுத்துக்கறோம், நிறுத்துங்கப்பா" என்று ஒருவன் கத்தினான். அதற்குக் கொட்டகையே சிரித்தது. 31 பேர் எழுந்து போனார்கள். நீ முதலில் பேசியபோது "மூக்குல என்ன?" என்று ஒரு குரல்.

பிறகு வாளி. கீழே நடு வரிசைகளில் செருப்பு ஆலைப் பெண்கள் முப்பது நாற்பது பேர் இருந்தார்கள். ஹெட்டி யாரையும் அழைத்து வரவில்லை, கேட்டுவிட்டேன். முதலில் ஒருத்தி சிரித்தாள். பிறகு அந்த வரிசை முழுக்க. ஆண்கள் "என்ன, என்ன?" என்று கேட்க, பெண்கள் சொல்ல, சிரிப்பு பின்னால் போய்ச் சுவரில் முட்டித் திரும்பியது. அடுத்து நீ வந்த ஒவ்வொரு முறையும் சனம் உன் கையையும் காலையும் பார்த்துக்கொண்டே இருந்தது. நீ மேசை துடைத்தபோதும் சிரித்தார்கள். நீ தட்டுகளை அலமாரியில் அடுக்கும்போது ஒரு கிழவி, "அவ வேஷம் போட்ட பணக்காரியில்ல, பணக்காரின்னு பொய் சொல்ற வேலைக்காரி" என்று தன் புருஷனுக்கு விளக்கினாள். கதை அதுவல்ல. ஆனால் அந்தக் கதை இதைவிட நன்றாக இருந்தது. அதன்பின் ஒருவரும் போகவில்லை. கடைசியில் கைதட்டல் இருந்தது. பெரிதாக இல்லை, ஆனால் இருந்தது.

உன்னை அடையாளம் கண்டது இரண்டு பேர். அதில் பால்காரர் சந்தேகத்தோடுதான் கேட்டார்.

அட்டையை ஹாரக்ஸ் என் முன்னால் எழுதி, என் முன்னால் தபாலில் போட்டார். நகல்:

"முதல் பாதி எடுபடவில்லை. பிற்பாதி எடுபட்டது. பணக்காரப் பெண்ணாக வரும் செலியா ட்ரென்ட் துளியும் பணக்காரப் பெண்ணாகத் தெரியவில்லை. சனத்துக்குப் பிடித்ததே அதனால்தான். இவள் நடித்தது வேறு இருந்தால் மாலையில் போடுவேன்."

மூன்றாம் வரியை எடுக்கச் சொல்லலாமா என்று ஒரு கணம் நினைத்தேன். சொல்லவில்லை.

ஹெட்டி நேற்று தூங்கவே இல்லை. இப்போது தூங்குகிறாள்.

வில்ஃபிரட்

*

ஹாமர்ஸ்மித்
சனி, 8 ஜூலை

அன்புள்ள அண்ணனுக்கும் அண்ணிக்கும்,

பிரைரி ஸ்டுடியோ என்னை வைத்துக்கொள்ளவில்லை. ஜூன் 30, வெள்ளிக்கிழமை மதியம், முதலாளி கையெழுத்திட்ட கடிதத்தை லூகஸ் என் கையில் கொடுத்தார். ஒரு வாரம் எழுதாமல் இருந்தேன். அந்த ஒரு வாரத்தில் செய்ய வேண்டியது இருந்தது.

அட்டை வந்து சேர்ந்தது. என் கோப்பில் அது ஒன்றுதான் இருந்தது. முதலாளி படித்தாராம். "பணக்காரப் பெண்ணாகத் தெரியவில்லை" என்ற இடத்தில் சிவப்பு மையால் கோடு போட்டிருக்கிறார். அதற்குப் பின்னால் உள்ள இரண்டு வரிக்குக் கோடு இல்லை. எங்கள் படங்களில் எல்லாப் பெண்ணும் பணக்காரப் பெண்தான், அதனால் வேறு வேலை இல்லை என்று கடிதம் சொல்கிறது.

இதைக் கேட்டு அண்ணன் மூன்றாம் வரியை நினைத்து வருந்துவார். வேண்டாம். நான்கு படத்தில் முதல் முறையாக ஒருவர் என்னைப் பற்றி ஏதோ படித்துவிட்டு ஒரு முடிவுக்கு வந்திருக்கிறார். முடிவு தப்பு. ஆனால் இதுவரை அதுகூட இல்லை.

செலியா ட்ரென்ட் என்ற பெயர் ஒப்பந்தப்படி அவர்களுடையது. விட்டுவிட்டுப் போக வேண்டும். வேறு பெண்ணுக்கு அதை வைப்பார்களாம், சுவரொட்டிக்கு எழுத்தெல்லாம் ஏற்கெனவே வரைந்திருக்கிறதே என்று. என் சீப்பையும் கோட்டையும் எடுத்துக்கொண்டேன்.

திங்கள், செவ்வாய், புதன் மூன்று நாளும் ஆற்றுக்கு அந்தப் பக்கம் உள்ள இன்னொரு ஸ்டுடியோ வாசலில் நின்றேன். அங்கே வருடத்துக்கு ஆறு படம்தான் எடுக்கிறார்கள், மாலையில் காட்டுவதற்காக. ஆள் எடுப்பவர் மிஸ் ஹெபர்ன் என்ற அம்மாள். மூன்றாம் நாள் காரிலிருந்து இறங்கி, "இன்னுமா நிக்கறே?" என்றார். அண்ணன் அனுப்பிய அட்டை நகலைக் கொடுத்தேன். நின்றபடியே படித்தார். "பேக்கப்னா எங்கே?" என்றார். சொன்னேன். "அந்த ஊர்ல கொட்டகை கூட்டறவங்க உன்னைப் பார்த்து ஏன் சிரிச்சாங்க?" என்றார். அது அட்டையில் இல்லை, நான்தான் சொல்லியிருந்தேன். உள்ளே அழைத்துப் போனார். அவர் அறையின் மூலையில் நிலக்கரிக் கூடை இருந்தது. அதைத் தூக்கி, வைத்து, காலால் நகர்த்திக் காட்டினேன். அவர் சிரிக்கவில்லை. "மறுபடி" என்றார். மறுபடி செய்தேன். "பேசு" என்றார். என்ன பேசுவது என்று தெரியவில்லை. அண்ணி ஹாரக்ஸிடம் பேசியதை, அண்ணன் எழுதியபடி, நம் ஊர்ப் பேச்சில் அப்படியே சொன்னேன். டூலி வரியில் சிரித்தார்.

வியாழனன்று காமிரா முன்னால் நிறுத்திப் பார்த்தார்கள். ஒரே காட்சியை ஐந்து தடவை எடுத்தார்கள். ஒன்றை ஐந்து தடவை செய்யலாம் என்பதே எனக்குத் தெரியாது. பாத்திரம் ஒரு நெசவாலைக்காரி, படத்தில் பாதிக்கு மேல் வருகிறாள். எனக்கு முன்னால் இரண்டு பேரைப் பார்த்திருக்கிறார்கள், இருவரும் பெயர் உள்ளவர்கள். என் பெயர் என்ன என்று பதிவு செய்கிறவர் கேட்டார். அல்மா பில்லிங் என்று சொன்னேன். எழுத்துக்கூட்டிக் கேட்டு எழுதிக்கொண்டார்.

நான் சுகம். மிசஸ் டாப் மாதக் கடைசிவரை அறையைத் தருவதாகச் சொல்லிவிட்டாள். அண்ணியின் இருமல் திரும்ப வரவில்லையே?

மூன்று பேரில் யார் என்பது இன்னும் முடிவாகவில்லை. மிஸ் ஹெபர்ன் தன் வாயால் சொன்னபடி, பதில் 14ஆம் தேதி வெள்ளிக்கிழமை, மாலைத் தபாலில் வரும்.

உங்கள்
அல்மா